தாம்பாளத்தில் போன சாவி

இரண்டு வாரத்துக்கு மேலாக நான் ஓரிடத்தில் உட்காரவில்லை.

உட்கார்ந்தால் எழுந்துவிடுகிறேன். எழுந்தால் வாசல். வாசலில் மழை. திரும்பவும் உள்ளே. ‘இன்னாங்க, கால்ல சக்கரமா கட்டிக்கினு இருக்கீங்க?’ என்று மனைவி கேட்டாயிற்று. பதில் சொல்ல நின்றால்தானே?

உடம்புக்கு ஒன்றும் இல்லை. எல்லாம் ஒரு சாவியால். அதுவும் என்னுடைய சாவி அல்ல!

விஜயதசமி அன்று மத்தியானம் கோவிந்தன் என் வீட்டுக்கு வந்தார். இங்கே ஜமுனாமரத்தூருக்குப் பக்கத்துக் கிராமத்துக்காரர். கீழே ஒடுகத்தூர் கடைத்தெருவில் வாடகைக்குக் கடை வைத்திருக்கிறார். சாமை, புளி, தேன், விளக்கெண்ணெய் என்று மலையில் விளைவதெல்லாம் அந்தக் கடையில் கிடைக்கும். அவர் கிராமத்தில் பாதிப் பேரின் மூட்டை அங்கேதான் இறங்குகிறது. பஸ் ஸ்டாண்டில் நிற்கும் புரோக்கர்களிடம் மாட்டாமல் அவர்கள் நல்ல விலை பார்ப்பது அந்த ஒரு கடையால்தான்.

விடியற்காலையில் கடைக்குப் போனவர், நண்பகலுக்குள் ஏன் மலையேறி வருகிறார்?

“சார், கடய பூட்டிட்டாங்க.”

“யாரு?”

“மொதலாளி.”

“அவர் எப்படிப் பூட்டுவார்? தடை உத்தரவு இருக்கே! உன் பூட்டை உடைச்சாரா?”

“ஒடைக்கலீங்க. எம் பூட்டு அப்டியே கீது. அதும் மேல அவங்க ஒரு பூட்டு போட்டுட்டாங்க. சாவியும் அவராண்டதான் கீது.”

“உன் சாவி அவர்கிட்ட எப்படிப் போச்சு?”

“நான்தான் குடுத்தேன்.”

நான் உட்கார்ந்தேன். ஒழுங்காக உட்கார்ந்தது அதுதான் கடைசி.

இந்தப் பத்தியைத் தொடர்ந்து படிப்பவர்களுக்கு என் பழைய உத்தியோகம் தெரியும். புதிதாக வந்தவர்களுக்காகச் சொல்கிறேன். நான் கோர்ட்டில் சிரஸ்தாராக இருந்து ஓய்வு பெற்றவன். நீதிபதி முன்னால் வழக்குக் கட்டுகளை எடுத்து வைப்பதும், எந்த மனுவில் எந்தக் கையெழுத்து இல்லை என்று கண்டுபிடித்துத் திருப்பி அனுப்புவதும்தான் வேலை. ஓய்வுக்குப் பிறகு குளிர்ச்சியாக இருக்குமே என்று மலையேறினேன். கேஸ்கள் எனக்கு முன்னாலேயே பஸ் பிடித்து வந்து காத்திருந்தன.

கோவிந்தனின் கேஸ் இதுதான்.

கட்டடம் முனிரத்தினத்துடையது. ஒடுகத்தூரில் வேர்க்கடலை மண்டி வைத்திருக்கும் பெரிய மனிதர். பல வருடங்களுக்கு முன்னால் கோவிந்தனுக்கு வாய்வார்த்தையாகக் கடையைக் கொடுத்தார். இவரும் வாய்வார்த்தையாக வாங்கிக்கொண்டார். வாடகை ஒரு மாதம்கூட நின்றதில்லை.

அப்புறம் புது வாடகைச் சட்டம் வந்தது. வாய்வார்த்தை எல்லாம் செல்லாது, எழுத்தில் ஒப்பந்தம் போட்டுப் பதிவு செய்யுங்கள் என்றது. நல்ல விஷயம்தான். போடாவிட்டால்? உரிமையாளர் காலி செய்யச் சொல்லி வாடகை நீதிமன்றத்துக்குப் போகலாம். ஒப்பந்தம் போடத் தவறியதே காரணம்.

தவறியது யார்?

கோவிந்தன் நாலைந்து தடவை போய்க் கேட்டார். ‘அப்பறம் பாக்கலாம்டா’ என்றார் முனிரத்தினம். அப்புறம் அவர் மகனுக்கு அந்த இடத்தில் செல்போன் கடை வைக்கும் ஆசை வந்தது. ‘எங்களுக்குள் ஒப்பந்தம் ஏற்படவில்லை, ஆகவே காலி செய்ய உத்தரவிட வேண்டும்’ என்று மனு போட்டார்கள். மாப்பிள்ளையே தாலி கட்ட மறுத்துவிட்டு, கல்யாணம் நடக்கவில்லை என்று வழக்குப் போட்ட மாதிரி! ஆனால் மனு ஜெயித்தது. காலி செய்யச் சொல்லி உத்தரவும் வந்தது. அதை எதிர்த்து வேலூரில் தீர்ப்பாயத்தில் அப்பீல் போட்டோம். அப்பீல் முடியும்வரை கோவிந்தனைக் கடையிலிருந்து அப்புறப்படுத்தக் கூடாது என்று தடையும் வாங்கினோம். வாங்கியது வக்கீல் கவிதா. கெட்டிக்காரப் பெண். பின்னால் நின்று ‘இந்தப் பிரிவு, அந்தப் பிரிவு’ என்று முணுமுணுத்தது நான்.

இதே கடை மலைமேல் இருந்தால் வேறு சட்டம், வேறு கோர்ட், வேறு தலைவலி. புதுச் சட்டம் நகர்ப்புறத்துக்கு மட்டும்; ஒடுகத்தூர் பேரூராட்சி என்பதால் இந்தத் தலைவலி.

இவ்வளவு பாடுபட்டுத் தடை வாங்கிக் கையில் கொடுத்தால், சாவியைக் கொண்டுபோய் எதிர்க்கட்சிக்காரரிடமே கொடுத்துவிட்டு வந்து நிற்கிறார் மனிதர்!

“ஏம்ப்பா கொடுத்தே?”

“ஆயுத பூஜைக்கு சார். வருசா வருசம் குடுக்கறதுதான?”

ஆயுத பூஜை சாயங்காலம் தராசையும் எடைக்கற்களையும் கழுவிப் பொட்டு வைத்து, பூஜை போட்டு, கடையைச் சாத்துவார்கள். தராசுக்கு ஓய்வு. அதற்குப் பிறகு கோவிந்தன் ஒரு தாம்பாளத்தில் தேங்காய், பழம், வெற்றிலை பாக்கு, நடுவில் கடைச் சாவி வைத்து முனிரத்தினம் வீட்டில் கொடுத்துவிட்டு வருவார். மறுநாள் விஜயதசமி காலை முனிரத்தினம் குளித்துவிட்டு வந்து தன் கையால் கடையைத் திறப்பார். கற்பூரம் காட்டுவார். முதல் போணியும் அவரே செய்வார். சாவியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு மண்டிக்குப் போவார். முனிரத்தினத்துக்குக் கைராசி உண்டு என்று கடைத்தெருவே சொல்லும். முனிரத்தினம் அதற்கு மேலேயே சொல்வார்.

“கேஸ் நடக்குதேப்பா! இந்த வருஷமாவது விட்டிருக்கக் கூடாதா?”

“கேஸ் வேற சார், பூஜ வேற. கேஸுன்னு சொல்லி சாவி குடுக்காம வுட்டா, நான்தான் மொதல்ல மரியாத கெட்டுப் போனேன்னு ஆய்டும்ல? நாளைக்கி அவர் மூஞ்சில எப்டி முழிக்கறது?”

“கோர்ட்ல முழிக்கிறியே மாசாமாசம்!”

“அங்க நீங்களும் வக்கீலம்மாவும்தான சார் பேசறீங்க? நாங்க ரெண்டு பேரும் சும்மாதான குந்தினு இருக்கோம்.”



சட்டத்தில் சாவிக்கு ஒரு தனி மதிப்பு உண்டு. கடையைக் காலி செய்கிறவர் கடையைத் தூக்கிக் கொடுக்க முடியாது. சாவியைத்தான் கொடுப்பார். சாவி கை மாறினால் இடமே கைவசம் மாறியது, கோர்ட் பாஷையில் சுவாதீனம் கை மாறியது என்று பொருள். எத்தனை வழக்குகளில் ‘சாவியைப் பெற்றுக்கொண்டேன்’ என்ற ஒரு வரியில் கதை முடிந்து, கட்டைத் தூக்கி ரெக்கார்டு ரூமில் போட்டிருக்கிறோம்!

முனிரத்தினத்தின் மகன் சும்மா இருப்பாரா? அப்பாவைத் தடுத்து, சாவியை வைத்துக்கொள்ளச் சொல்லி, மேலே ஒரு பூட்டும் போட்டுவிட்டார்.

“ஒடச்சிட்டு உள்ள போய்டட்டா சார்?”

“தொட்டியானா அத்துமீறி நுழைஞ்சேன்னு உன்மேல கிரிமினல் கேஸ் வரும். தொடாதே!”

போலீஸுக்குப் போகலாமா? எந்த ஊர் ஸ்டேஷனிலும் இதற்கு ஒரே பதில்தான்: சிவில் மேட்டர். தனி வழக்குப் போடலாமா? போடலாம். சட்டத்துக்குப் புறம்பாக வெளியேற்றப்பட்டவர் ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட்டுச் சுவாதீனத்தை மீட்கலாம். ஆனால் அது எப்போது முடியும்? உள்ளே சாமை மூட்டைகள். எலிகளுக்கு வாய்தா கிடையாது. தீபாவளி வேறு நெருங்குகிறது. கோவிந்தன் கடைக்கு வருடத்தில் பெரிய வியாபாரமே அந்தப் பத்து நாள்தான். அதை விட்டுவிட்டால் மூட்டை கொடுத்த ஊர்க்காரர்கள் எல்லாம் புரோக்கர்களிடம் போய்விடுவார்கள். அப்புறம் கடை திறந்து யாருக்கு?

ஆக, அப்பீல் இருக்கும் இடத்திலேயே அவசர மனு போடுவது என்று முடிவாயிற்று. கவிதா எழுதினார். நான் படித்தேன். திருத்தினேன். திருத்தியதைத் திருத்தினேன். ‘சார், போதும்’ என்று ஃபோனை வைத்துவிட்டார்.

நாங்கள் மனு போட்ட அன்றே எதிர்த்தரப்பும் ஒரு மெமோ போட்டது. வாடகைதாரர் தாமாக முன்வந்து, மனமுவந்து, சாவியை ஒப்படைத்துவிட்டார். ஆகவே அப்பீலில் இனி தீர்மானிக்க ஒன்றும் இல்லை. தள்ளுபடி செய்ய வேண்டும். கூடவே ஒரு ஃபோட்டோ.

மகன் செல்போனில் எடுத்த படம். கோவிந்தன் தாம்பாளத்தை நீட்டுகிறார். முனிரத்தினம் வாங்குகிறார். இரண்டு பேர் முகத்திலும் அப்படி ஒரு சிரிப்பு! சம்பந்தம் பேசி முடித்தவர்கள்கூட இப்படிச் சிரிக்க மாட்டார்கள்.

வேடிக்கை என்னவென்றால், நாங்களும் அதே ஃபோட்டோவைத்தான் போட்டிருந்தோம். படம் எடுத்த முதலாளி மகன் அன்றைக்கே ஆசையாகக் கோவிந்தனுக்கும் அனுப்பி வைத்திருந்தார். காலி செய்ததற்கு அவர்களுக்கு அது சாட்சி. காலி செய்யாததற்கு எங்களுக்கு அது சாட்சி. இத்தனை வருட சர்வீஸில் இப்படி ஒரு ஆவணத்தை நான் பார்த்ததில்லை.

இரு தரப்பும் நேரில் வர வேண்டும் என்று உத்தரவாயிற்று.

விசாரணைக்கு முதல் பஸ்ஸில் மலையிறங்கினோம். மலைப்பாதையில் மேகம் ரோட்டை மூடிக்கொண்டு கிடந்தது. டிரைவர் நிதானமாக ஓட்டினார். எனக்கு அந்த நிதானமே பிடிக்கவில்லை. நான் கோவிந்தனுக்குப் பாடம் எடுத்துக்கொண்டே வந்தேன். இப்படிக் கேட்டால் அப்படிச் சொல். அப்படிக் கேட்டால் ஞாபகமில்லை என்று சொல். கவிதாவுக்காகக் குறுக்கு விசாரணைக் கேள்விகள் வேறு எழுதி வைத்திருந்தேன்.

“சார், நீங்க மூச்சு வுடுங்க. எனக்கே பயமா கீது” என்றார் கோவிந்தன்.

எங்கள் வழக்கைக் கூப்பிட்டபோது மத்தியானமாகிவிட்டது. அதுவரை வராந்தாவின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்தேன். எதிர்ப் பெஞ்சில் முனிரத்தினம். கோவிந்தனைப் பார்த்ததும், “சாப்ட்டியாடா?” என்றார். “ஆச்சு மொதலாளி” என்றார் கோவிந்தன். ஆகவில்லை. பட்டினி. இதில் எல்லாம் மட்டும் பொய் சரளமாக வருகிறது!

முனிரத்தினத்தின் வக்கீல் எழுந்தார். தாமாக, மனமுவந்து, மகிழ்ச்சியுடன்... எல்லாம் சொன்னார். நீதிபதி ஃபோட்டோவைக் கிட்டத்தில் வைத்துப் பார்த்தார்.

“தேங்காய் எதுக்கு?”

“சுமுகமாகக் காலி செய்ததற்கு அடையாளம், ஐயா.”

கவிதா எழுந்தார்.

“ஐயா, இது வெறும் சம்பிரதாயம். ஆயுத பூஜைக்குச் சாவியை யாரிடம் வேண்டுமானாலும் கொடுப்பார்கள். மறுநாள் யார் வேண்டுமானாலும் திறப்பார்கள். இவரிடம் கொடுத்ததில் தனியாக ஒரு விசேஷமும் இல்லை.”

ஐயையோ, இப்படியா சொல்வது என்று நான் பல்லைக் கடித்தேன். அதற்குள் பின்னாலிருந்து ஒரு குரல்.

“யாரு வேணா தொறக்கலாமா? இன்னாம்மா பேசறீங்க?”

முனிரத்தினம் எழுந்து நின்றுவிட்டார். வக்கீல் இருக்கும்போது கட்சிக்காரர் வாய் திறக்கக் கூடாது. அது முதல் விதி. அவருடைய வக்கீல் கையைக் காட்டினார். இவர் பார்த்தால்தானே?

“இவனுக்கு முன்னாடி அங்க ஒருத்தன் வளையல் கட போட்டான். என்னாண்ட சாவி குடுக்கல. ஆறே மாசம், ஓடிப்புட்டான். இவன் எப்பிடி நிக்கறான்? கேளுங்க அவனயே! வருசா வருசம் என் கையால தொறக்கறேன் சாமி. யாரு வேணா தொறக்கலாமாமே!”

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். சத்தம் போடாதீர்கள் என்று சொல்லப் போகிறார் என்று நினைத்தேன். சொல்லவில்லை.

“திறந்துட்டு சாவியை என்ன பண்ணுவீங்க?”

“அவனாண்டயே குடுத்துடுவேங்க. அவன் கட, அவன் சாவி. நான் வெச்சிக்கினு இன்னா பண்றது?”

வக்கீல் இருமினார். பலமாக இருமினார்.

“இந்த வருஷமும் அதுக்குத்தானே கொடுத்தார்?”

“பின்ன எதுக்குக் குடுப்பான்?”

வக்கீல் இருமலை நிறுத்திவிட்டு உட்கார்ந்தார்.

“அப்புறம் இந்த வருஷம் ஏன் நீங்க திறக்கலை?”

அதுவரை கோர்ட்டையே அதட்டிக்கொண்டிருந்த மனிதர் தலையைக் குனிந்துகொண்டார். “புள்ள வேணாம்னான்” என்றார்.

நான் எழுதிக்கொண்டு போன கேள்விகளில் ஒன்றையும் யாரும் கேட்கவில்லை.

இதை நான் பல தடவை யோசித்துவிட்டேன். நம் ஜனங்கள் பிரமாணப் பத்திரத்தில் தாராளமாகப் பொய் சொல்வார்கள். அது அவர்களுக்குப் பொய்யாகவே தெரியாது. வக்கீல் எழுதியது, டைப் அடித்தது, இங்கிலீஷில் இருக்கிறது. நம் வாயிலிருந்து வந்ததா என்ன? ஆனால் தான் கற்பூரம் காட்டித் திறந்ததை இல்லை என்று சொல்லச் சொல்லுங்கள் பார்ப்போம். அங்கே மட்டும் நாக்கு புரளாது. கடையை விட்டுக்கொடுத்தாலும் கொடுப்பார், கைராசியை விட்டுக்கொடுக்க மாட்டார்!

மெமோ தள்ளுபடி. மேல்பூட்டை எடுக்க வேண்டும். சாவியை உடனே ஒப்படைக்க வேண்டும். அப்பீல் தீபாவளி கழித்து. உத்தரவு அவ்வளவுதான்.

வராந்தாவுக்கு வந்தோம். முனிரத்தினம் சட்டைப்பையிலிருந்து சாவியை எடுத்தார். பத்திரமாகக் கூடவே வைத்திருந்திருக்கிறார். கோவிந்தனிடம் நீட்டினார்.

கோவிந்தன் வாங்கவில்லை!

“நீங்களே வந்து தொறந்து குடுங்க மொதலாளி. விஜயதசமிக்குத் தொறக்காத கடய நானா எப்டி தொறக்கறது?”

“வாங்குப்பா!” என்று நான் கத்தியே விட்டேன். வராந்தாவில் இருந்த அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள்.

முனிரத்தினம் சாவியைத் திரும்பப் பைக்குள் போட்டுக்கொண்டார். “வெள்ளிக்கெழம நாள் நல்லாருக்கு. காலையில வர்றேன். வாசத் தெளிச்சி வையி.”

“அப்பா!” என்றார் மகன்.

“நீ வண்டிய எடு” என்றார் முனிரத்தினம்.

கவிதா என்னைப் பார்த்தார். “சார், உத்தரவை நிறைவேத்தியாச்சுன்னு எழுதறதா, நிறைவேத்தலைன்னு எழுதறதா?”

நடைமுறை பற்றிய ஒரு கேள்விக்கு என்னிடம் பதில் இல்லாமல் போனது இதுவே முதல் தடவை.

வெள்ளிக்கிழமை வரை என்ன செய்தேன்? நடந்தேன். ‘வேற எங்கயாவது போய் நடங்க, இங்க தர தேயுது’ என்றாள் மனைவி. மறுபடியும் மகன் தடுத்தால்? மறுபடியும் ஒரு ஃபோட்டோ எடுத்தால்? உத்தரவுக்குப் பிறகும் தாமாகவே விட்டுக்கொடுத்தார் என்று இன்னொரு மெமோ வந்தால்? நானே எதிர்த்தரப்பு வக்கீலாக இருந்தால் அதைத்தான் செய்வேன்.

ஒரு வேலை மட்டும் செய்தேன். முத்திரைத்தாளில் வாடகை ஒப்பந்தம் ஒன்று தயார் செய்து பையில் வைத்துக்கொண்டேன். முனிரத்தினம் அதில் ஒரு கையெழுத்துப் போட்டுப் பதிவு செய்துவிட்டால், ஒப்பந்தம் இல்லை என்ற பேச்சுக்கே இடமில்லை. வழக்கும் இல்லை. கடை கோவிந்தனுக்கு நிலைக்கும். மனிதர் கனிந்திருக்கும் நேரத்தில் பிடித்துவிட வேண்டும்!

வெள்ளிக்கிழமை காலை முனிரத்தினம் சொன்னபடி கடைக்கு வந்தார். குளித்து, விபூதி பூசி, வெள்ளை வேட்டியில். மகன் வரவில்லை. மேல்பூட்டைக் கழற்றி ஓரமாக வைத்தார். கோவிந்தனின் பூட்டில் சாவியைப் போட்டுத் திறந்தார். ஷட்டர் பாதியில் நின்றது.

“எண்ண போட மாட்டியாடா? கடயா வெச்சிருக்கற நீ? என் எடத்த இப்பிடிப் பாழாக்கறியே!”

“நீங்க பூட்டாம இருந்தா நான் போட்டிருப்பேன் மொதலாளி.”

“வாயி மட்டும் நீளுது.”

“கோர்ட்டாண்ட உங்களுக்கு நீண்டதுக்கு இது கம்மிதான்.”

தெருவே சிரித்தது. முனிரத்தினமும் சிரித்தார். இரண்டு பேருமாகச் சேர்ந்து ஷட்டரைத் தள்ளி ஏற்றினார்கள். உள்ளே இரண்டு மூட்டை சாமையை எலி பார்த்திருந்தது. புளிக்கு ஒன்றும் ஆகவில்லை. கற்பூரம் காட்டினார். ஒரு கிலோ சாமை நிறுக்கச் சொல்லி முதல் போணி செய்தார். எலி கடிக்காத மூட்டையிலிருந்து.

அப்புறம் சாவி.

நான் அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தேன். கை பைக்குப் போகிறதா, தாம்பாளத்துக்குப் போகிறதா? தாம்பாளத்தில் வைத்துக் கோவிந்தனிடம் கொடுத்தார். “நல்லா பண்ணுடா” என்றார்.

இதுதான் நேரம். நான் பையைத் திறந்தேன். ஒப்பந்தத்தை எடுத்தேன். பேனாவின் மூடியையும் கழற்றிவிட்டேன்.

“ஒரே ஒரு கையெழுத்துங்க. போட்டுட்டீங்கன்னா...”

முனிரத்தினம் இரண்டு அடி பின்னால் போனார்.

“சார், படிச்சவங்க நீங்க. நல்ல நாளும் அதுவுமா கேஸு காயிதத்த நீட்றீங்களே!”

“அதானே சார், வுடுங்க. இன்னிக்கி வேணாம்” என்றார் கோவிந்தன். கோவிந்தனே சொன்னார்!

ஒப்பந்தம் மறுபடியும் பைக்குள் போயிற்று. கடை இப்போது நன்றாக ஓடுகிறதாம். தீபாவளிக் கூட்டமாம். அப்பீலில் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியாது. அதற்குள் அந்தக் கையெழுத்தை வாங்கியாக வேண்டும். பஞ்சாங்கத்தைக் கையில் வைத்துக்கொண்டு நடந்துகொண்டே தேடுகிறேன்...

எங்காவது ஒரு மோசமான நாள் மாட்டாதா?